லான்சரோட்டே: குழிக்குள் ஒரு திராட்சைத் தோட்டம்

எரிமலைத் தீவு என்றால் நம்மில் பலருக்கு ஜாவாவும் பாலியும்தான் ஞாபகத்துக்கு வரும். அடுக்கடுக்காக நெல் வயல், எதைப் போட்டாலும் முளைக்கிற மண், திரும்பிய பக்கமெல்லாம் பச்சை. நான் போன தீவு அந்த ரகம் இல்லை. பெயர் லான்சரோட்டே. ஸ்பெயின் நாட்டைச் சேர்ந்த கனரித் தீவுகளில் ஒன்று. நாடு ஸ்பெயின் என்றாலும் பக்கத்தில் இருப்பது ஆப்பிரிக்கா. மொராக்கோ கரையிலிருந்து சுமார் 125 கிலோமீட்டர்தான். வருஷம் முழுக்கப் பெய்கிற மழையைச் சேர்த்தால் 150 மில்லிமீட்டர் தேறினாலே நல்ல வருஷம். ஐப்பசியில் சென்னையில் ஒரே நாளில் கொட்டிவிட்டுப் போகிற மழை அது. ஆறு இல்லை. சகாராவிலிருந்து அவ்வப்போது புழுதிக் காற்று வேறு வரும், வானமே காவி நிறமாகிவிடும்.

அங்கே போய் இயற்கை விவசாயம் பார்க்கப் போகிறேன் என்றதும் வீட்டில் சிரித்தார்கள். பார்க்கவேண்டியது அங்கேதான் இருக்கிறது என்று எனக்குத் தோன்றியது. தண்ணீர் உள்ள ஊரில் இயற்கை விவசாயம் ஒரு தேர்வு. தண்ணீரே இல்லாத ஊரில் அது எப்படி நடக்கும்?

தீவின் நடுவே லா கெரியா என்று ஒரு பள்ளத்தாக்கு. கூகுளில் தேடிப் பாருங்கள், படங்களாகக் கொட்டும். கன்னங்கரேல் என்று ஒரு நிலம், அதில் ஆயிரக்கணக்கான வட்டக் குழிகள், ஒவ்வொரு குழியின் ஓரத்திலும் பிறை வடிவில் ஒரு கல் சுவர், குழிக்குள் ஒரே ஒரு பச்சைப் புள்ளி. அந்தப் புள்ளி ஒரு திராட்சைக் கொடி. நான் தங்கியது இந்தக் குழிகளையும் கொஞ்சம் காய்கறி நிலத்தையும் சில ஆடுகளையும் வைத்துக்கொண்டு ஒரு குடும்பம் நடத்தும் பண்ணையில். அறுபதைத் தாண்டிய ஒரு அம்மாதான் எல்லாம். மகன் தீவின் தெற்கே ஓட்டலில் வேலை பார்க்கிறார். மருமகளும் அப்படியே. ஆனால் அவருக்கு அன்று விடுமுறை, ஆங்கிலமும் நன்றாக வரும், அதனால் எனக்கும் அந்த அம்மாவுக்கும் நடுவே அவர்தான் பாலம்.

போன கையோடு அம்மா என்னைக் குழிக்குள் இறங்கச் சொன்னார். ஓரம் சரியாமல் இறங்க ஒரு வழி இருக்கிறது. குதிகாலை அழுத்தி, பக்கவாட்டில், மெதுவாக. குழி என் உயரத்துக்கும் மேலே இருந்தது, வாய் நாலைந்து மீட்டர் அகலம். சரிவு முழுக்கக் கறுப்புக் குருணை. ஊர்க்காரர்கள் அதை ரோஃபே என்கிறார்கள். நாம் சாம்பல் என்று சொல்கிறோமே தவிர, அடுப்புச் சாம்பல் மாதிரி தூளாக இருக்காது. கடுகு அளவு முதல் பட்டாணி அளவு வரை, உள்ளே ஓட்டை ஓட்டையாக, கையில் அள்ளினால் எடையே இல்லாத சின்னச் சின்னக் கற்கள். எரிமலை கக்கிய குழம்பு காற்றிலேயே குளிர்ந்து உதிர்ந்தது.

"கையை வை" என்றார். வைத்தேன், சுட்டது. ஜூன் மாத மத்தியான வெயில் அது, உள்ளங்கையை இரண்டு நொடி வைத்திருக்க முடியவில்லை. "தோண்டு" என்றார். விரலால் துழாவினால் குருணை சரசரவென்று விலகிக் கொடுத்தது. ஒரு விரல் ஆழத்தில் இளஞ்சூடு. மணிக்கட்டு வரை போனதும் குளிர்ச்சி. அதற்கும் கீழே, கொடியின் தூரை ஒட்டி, குருணை முடிந்து பழுப்பு மண் தட்டுப்பட்டது. கிள்ளி எடுத்தேன், நகக்கண்ணில் ஒட்டிக்கொண்டது. ஈரம்! "கடைசியாக எப்போது மழை?" என்று கேட்டேன். "மார்ச்சில். அதுவும் பெரிய மழை இல்லை" என்றார் மருமகள்.

நம் ஊர் இயற்கை விவசாயிகளுக்கு இதை விளக்கவே வேண்டாம். இது மூடாக்கு. வைக்கோலோ சருகோ போட்டு மண்ணை மூடுகிறோம் இல்லையா, அதையே இவர்கள் எரிமலைக் குருணையால் செய்கிறார்கள். ஆனால் இது மக்காது. வெறும் மண்ணில் என்ன நடக்கும் என்றால், அடியில் உள்ள ஈரம் மண்ணின் நுண்ணிய துளைகள் வழியே மெல்ல மேலேறி வந்து வெயிலில் ஆவியாகிப் போகும். குருணைகளுக்கு இடையே உள்ள இடைவெளி பெரியது. தண்ணீர் கீழே இறங்க அது வழிவிடும், மேலே ஏறி வரத் தோதுப்படாது. பெய்கிற ஒவ்வொரு சொட்டும் நொடியில் உள்ளே போய்விடும், ஓடி வீணாகாது, திரும்பியும் வராது. பகல் வெயிலும் இரவுக் குளிரும்கூட வேரை நேரடியாகத் தாக்குவதில்லை.

சுற்றுலாக் கையேடுகளில் இதை வேறு மாதிரி எழுதுகிறார்கள். இரவில் விழும் பனியைச் சாம்பல் உறிஞ்சி வேருக்கு ஊட்டுகிறது என்று கவிதையாக. இரவில் கொஞ்சம் ஈரம் பிடிப்பது உண்மைதான். ஆனால் குருணையின் பெரிய வேலை கொண்டுவருவது இல்லை, போகவிடாமல் வைத்திருப்பது. அந்த அம்மாவிடம் பனியைப் பற்றிக் கேட்டபோது தோளைக் குலுக்கினார். "பனியை நம்பி நான் கொடி வைக்கவில்லை" என்றார்.

கம்பம் பள்ளத்தாக்கில் திராட்சைத் தோட்டம் பார்த்தவர்களுக்கு இங்கே தலைகீழ். அங்கே பந்தலுக்குக் கீழே நின்று அண்ணாந்து குலையைப் பறிப்போம். இங்கே கொடி தரையோடு தரையாகச் சரிவில் படுத்துக்கிடக்கிறது, குலையைத் தேட மண்டியிட வேண்டும். காரணம் காற்று. வடகிழக்கிலிருந்து அடிக்கும் காற்று வருஷம் முழுக்க ஓயாது. பந்தல் போட்டால் ஒரே வாரத்தில் பக்கத்துத் தீவில் போய் விழும். அதனால்தான் குழி, அதனால்தான் காற்று வரும் திசையில் பிறைச் சுவர். சிமெண்டு இல்லை, சாந்து இல்லை, கல்மேல் கல். காற்றை முழுசாக மறிக்காமல் இடுக்குகள் வழியாகக் கொஞ்சம் விடுவதால்தான் சுவர் சாயாமல் நிற்கிறதாம்.

இந்த ஏற்பாட்டை யாரும் உட்கார்ந்து திட்டம் போட்டுச் செய்யவில்லை. 1730 செப்டம்பர் 1-ஆம் தேதி, இரவு 9 மணிக்கும் 10 மணிக்கும் நடுவே, திமான்ஃபாயா என்ற இடத்துப் பக்கம் பூமி பிளந்தது. பக்கத்து ஊரான யாய்சாவின் பங்குத்தந்தை ஆந்திரேஸ் லொரென்சோ குர்பேலோ அதைக் குறித்துவைத்தார். ஜெர்மானிய நிலவியலாளர் லியோபோல்ட் ஃபோன் பூக் 1815-ல் இந்தத் தீவுகளுக்கு வந்து, பிறகு அந்தக் குறிப்புகளை வெளியிட்டார், அதனால் நமக்குக் கிடைத்தன. ஊர்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டது, கரையில் மீன்கள் செத்து ஒதுங்கியது, விஷ ஆவியில் மாடுகள் விழுந்து செத்தது எல்லாம் அதில் வருகிறது. குறிப்புகள் 1731 கடைசியோடு நின்றுவிடுகின்றன. பாதிரியாரும் ஊராரும் கிரான் கனேரியா தீவுக்குக் கிளம்பிவிட்டார்கள். எரிமலை மட்டும் நிற்கவில்லை. 1736 ஏப்ரல் 16 வரை, விட்டு விட்டு, கிட்டத்தட்ட ஆறு வருஷம். தீவில் நாலில் ஒரு பங்கு குழம்புக்கு அடியில் போனது.

போனது சாதாரண நிலமும் இல்லை. தீவுக்கே தானியம் கொடுத்துவந்த நல்ல நிலம். கோதுமையும் பார்லியும் விளைந்த இடத்தின்மேல் குழம்பு ஓடியது. குழம்பு எட்டாத இடத்தில் கறுப்புக் குருணை கொட்டியது. திரும்பி வந்தவர்கள் ஒன்றைக் கவனித்தார்கள். குழம்பு மூடிய இடம் போனது போனதுதான், அங்கே இன்றும் கல்பாசிதான் படர்கிறது. குருணை மெல்லிசாக விழுந்த இடத்தில் செடி முன்னைவிட நன்றாக வந்தது. குருணை கனமாக விழுந்த இடத்தில் அதைத் தோண்டிக்கொண்டே போய், புதைந்த பழைய மண்ணைத் தொட்டு, அதில் கொடியை நட்டார்கள். குழியின் ஆழம் இடத்துக்கு இடம் மாறுவது அதனால்தான். எவ்வளவு ஆழத்தில் பழைய மண் இருக்கிறதோ அவ்வளவு ஆழம். இப்படியே ஐம்பது ஆண்டுகளுக்குள் திராட்சை ஊன்றிக்கொண்டது. இங்குள்ள எல் கிரிஃபோ என்ற மதுக்கூடம் 1775-ல் தொடங்கியது, ஸ்பெயினிலேயே மிகப் பழையவற்றில் ஒன்று.

ஒரு கிளைக்கதை. மஞ்சா பிளாங்கா என்ற ஊரை நோக்கிக் குழம்பு வந்தபோது மக்கள் மாதா படத்தைத் தூக்கிக்கொண்டு எதிரே போனார்களாம். ஒருவர் சிலுவையை நட, குழம்பு அதைத் தாண்டவில்லையாம். கோயில் கட்டுகிறோம் என்று வேண்டிக்கொண்டவர்கள், ஆபத்து நீங்கியதும் வசதியாக மறந்துவிட்டார்கள். பல வருஷம் கழித்து 1774-ல் ஆடு மேய்த்த ஒரு சிறுமிக்கு மாதா காட்சி கொடுத்து, சொன்னது என்ன ஆச்சு என்று கேட்டதாகச் சொல்கிறார்கள். அப்புறம்தான் கோயில். இன்றும் செப்டம்பரில் தீவே திரண்டு நடந்து போகிறது. நேர்த்திக்கடனை ஞாபகப்படுத்துகிற சாமி எல்லா ஊரிலும் உண்டு போலிருக்கிறது.

சரி, தோட்டத்துக்கு வருவோம். எனக்குக் கொடுத்த வேலை சரிந்த சுவரை எடுத்துக் கட்டுவது. எரிமலைக் கல் எடை குறைவு, ஆனால் முகமெல்லாம் முள். கையுறை இல்லாமல் தொட்டால் அரை மணி நேரத்தில் விரல் நுனி தோல் உரிந்துவிடும். ஒரு கல்லை எடுத்து, திருப்பி, இன்னொரு முறை திருப்பி, உட்காருகிறதா என்று ஆட்டிப் பார்த்து, இல்லை என்றால் வேறு கல். அந்த அம்மா ஒரு கல்லைக்கூட இரண்டாவது முறை திருப்பவில்லை. பார்வையிலேயே முடிந்துவிடுகிறது. நான் கட்டிய பகுதியை மறுநாள் காலையில் போய்ப் பார்த்தேன். அவர் சத்தம் காட்டாமல் மேல் வரிசையை மாற்றி அடுக்கியிருந்தார்.

சுவர் மட்டும் இல்லை. காற்றிலும் நடமாட்டத்திலும் குருணை குழிக்குள் சரிந்துகொண்டே இருக்கும். அதை வாரி மேலே போட வேண்டும். குளிர்காலத்தில் கவாத்து. தூரைச் சுற்றிக் குருணையை விலக்கி ஆட்டெரு வைத்து மூட வேண்டும். முயல் வந்து தளிரைக் கடிக்கும், அதற்குக் காவல். இத்தனைக்கும் ஒரு ஹெக்டேரில் இருப்பது சுமார் 300 கொடிகள். ஐரோப்பாவின் சாதாரணத் திராட்சைத் தோட்டத்தில் அதே இடத்தில் ஆயிரக்கணக்கில் நிற்கும். டிராக்டர் இறங்காது. முன்பு ஒட்டகமும் கழுதையும் சுமந்தன, இப்போது அந்த ஒட்டகங்களின் வாரிசுகள் எரிமலைப் பூங்காவில் சுற்றுலாப் பயணிகளைச் சுமக்கின்றன. மனுஷக் கையைத் தவிர இங்கே வேறு கருவி இல்லை.

விடிகாலையில், காற்று எழும்புவதற்கு முன், கந்தகத் தூள் தூவுவதைப் பார்த்தேன். ஒரு பழைய துணிப்பையில் மஞ்சள் தூள், அதைக் கொடியின்மேல் தட்டித் தட்டிப் போகிறார். சாம்பல் நோய்க்கு அதுதான் மருந்து. இயற்கை விவசாய விதிகளும் கந்தகத்தை அனுமதிக்கின்றன. காய்ந்த ஊர் என்பதால் வேறு பூஞ்சைத் தொல்லை குறைவு. 19-ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவின் திராட்சையை வேரோடு அழித்த ஃபைலாக்சரா பூச்சி இந்தத் தீவை எட்டவில்லை. அதனால் கண்டத்தில் கிட்டத்தட்ட எல்லாரும் அமெரிக்க வேரில் ஒட்டுக்கட்டிய கொடி வைத்திருக்க, இங்கே கொடி தன் சொந்த வேரிலேயே நிற்கிறது. முக்கால்வாசி மால்வாசியா வோல்கானிகா என்ற வெள்ளைத் திராட்சை.

பண்ணை வாசலில் ஐரோப்பிய ஒன்றியத்தின் பச்சை இலைச் சின்னம் தொங்குகிறது. அதைப் பற்றிக் கேட்டேன். "என் அப்பாவும் ஆட்டெருவும் கந்தகமும்தான் போட்டார். வேறு வாங்கக் காசு இல்லை. நானும் அதையேதான் போடுகிறேன். இப்போது அதைச் சொல்ல ஒரு காகிதத்துக்கு நான் காசு கட்டுகிறேன்" என்றார். மருமகள் இதை மொழிபெயர்க்கும்போதே மறுத்தார். அந்தக் காகிதம் இருப்பதால்தான் ஓட்டல்காரன் கூடுதல் விலை கொடுக்கிறான், பக்கத்துத் தோட்டத்தில் களைக்கொல்லி அடிப்பவனையும் நம்மையும் வேறுபடுத்துகிறான் என்பது அவர் கட்சி. இருவரும் எனக்குப் புரியாத வேகத்தில் ஸ்பானிஷில் வாதாட ஆரம்பித்தார்கள். என்னைக் கேட்டால் மருமகள் பக்கம்தான் நியாயம். குழியைப் பார்த்ததும் இது இயற்கை விவசாயம்தான் என்று வருகிறவர்கள் எல்லாரும் முடிவு கட்டிவிடுகிறார்கள். குழி வேறு, குழிக்குள் போடுவது வேறு.

காய்கறி நிலம் வேறு கதை. அங்கே எரிமலை குருணை கொட்டவில்லை, இவர்களே கொண்டுவந்து பரப்பியிருக்கிறார்கள். முதலில் மண்ணைச் சமன்செய்து, எரு போட்டு, அதன்மேல் 10 முதல் 15 சென்டிமீட்டர் உயரத்துக்குக் குருணை. நடும்போது கையால் குருணையை விலக்கி, மண்ணில் விதையை வைத்து, மறுபடி லேசாக மூடுகிறார்கள். களை அதிகம் வருவதில்லை, காற்றில் வந்து விழும் விதைக்குக் குருணையில் பிடிமானம் இல்லை. வெங்காயம், பூசணி, கொண்டைக்கடலை, குட்டிக் குட்டிப் பயறு எல்லாம் வருகிறது. ஆனால் வருஷம் போகப் போகக் கால் பட்டு, களைக்கொத்து பட்டு, குருணையும் மண்ணும் கலந்துவிடும். கலந்துவிட்டால் மூடாக்கு வேலை செய்யாது. இருபது வருஷத்துக்கு ஒரு தரமாவது பழையதை வழித்து எடுத்துவிட்டுப் புதிதாகப் பரப்ப வேண்டும். அதனால்தான் இந்த நிலத்தில் யாரும் அவசரமாக நடப்பதில்லை. எனக்கும் நடக்கத் தனி வரப்பு காட்டிவிட்டார்கள். அந்த அம்மாவின் அப்பா காலத்தில் பரப்பிய ஒரு துண்டு நிலம் இப்போது சும்மா கிடக்கிறது. குருணையை மாற்ற ஆள் கூலியும் லாரி வாடகையும் கட்டுப்படியாகவில்லை. கண்ட இடத்தில் அள்ளிக்கொள்ளவும் முடியாது. லா கெரியா இன்று பாதுகாக்கப்பட்ட நிலம்.

தீவின் வடக்கே ஃபமாரா கடற்கரையிலிருந்து காற்று வெள்ளை மணலை வாரிக்கொண்டு தீவைக் குறுக்கே கடந்து தெற்குக் கடல் வரை போகிறது. அந்த மணல் பட்டையிலும் இதே தந்திரம்தான், குருணைக்குப் பதில் மணல். அதில் சர்க்கரைவள்ளிக் கிழங்கும் தர்பூசணியும் போடுகிறார்கள். மணல் செடியைப் புதைத்துவிடாமல் இருக்கக் கம்புத் தட்டை போன்ற காய்ந்த தாள்களை வரிசையாக நட்டு வேலி. இந்த இரண்டு முறைகளையும் சேர்த்து 2025-ல் ஐ.நா.வின் உணவு, வேளாண் அமைப்பு உலக வேளாண் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

தண்ணீர் பற்றி அந்த அம்மா சொன்னதை மறக்க முடியாது. சிறுவயதில் வீட்டு முற்றத்துக்கு அடியில் இருந்த தொட்டிதான் எல்லாம். கூரையில் விழும் மழை, சுண்ணாம்பு பூசிய சரிவில் விழும் மழை, எல்லாம் அதற்குள் போகும். கோடையில் தொட்டி வற்றினால் வேறு தீவுகளிலிருந்து கப்பலில் தண்ணீர் வரும். 1960-களின் நடுவில் கடல் நீரைக் குடிநீராக்கும் ஆலை வந்தது, ஸ்பெயினிலேயே முதலில் வந்தவற்றில் ஒன்று. அதற்குப் பிறகு ஓட்டல்கள் முளைத்தன. இன்று 1.6 லட்சம் பேர் வாழும் தீவுக்கு வருஷத்துக்கு 30 லட்சம் பேர் வருகிறார்கள். காய்கறிக்குச் சொட்டு நீராக விடுவதும் அந்த ஆலைத் தண்ணீர்தான். பழைய தொட்டி இன்னும் இருக்கிறது, அதில் ஆட்டுக்கு மட்டும். மூடியைத் திறந்து காட்டினார். உள்ளே இருட்டு. வாளி தண்ணீரைத் தொடுகிற சத்தம் கேட்க நேரமானது. "ஆலை நின்றால் நாங்கள் எத்தனை நாள் இருப்போம் என்று இதைப் பார்த்துக் கணக்குப் போடுவேன்" என்றார், சிரித்துக்கொண்டே.

மத்தியானச் சாப்பாடு தோட்டத்தில் விளைந்தது. பயறுக் குழம்பு, அதில் பூசணித் துண்டு. தோலோடு அதிக உப்பில் வேகவைத்து, தண்ணீரை வடித்து, சட்டியிலேயே குலுக்கி எடுத்த சின்ன உருளைக்கிழங்கு. தோல் சுருங்கி, மேலே வெள்ளையாக உப்புப் பூத்திருக்கும். தொட்டுக்கொள்ள இரண்டு சாந்து. ஒன்றில் கொத்தமல்லி, பூண்டு, சீரகம். இன்னொன்றில் சிவப்பு மிளகாய். கேட்டதும் நாக்கில் நீர் ஊறுகிறதா? எனக்கும் ஊறியது. காரம் எதிர்பார்த்துப் போய்விடாதீர்கள், பேருக்குத்தான். வறுத்த மக்காச்சோள மாவை, கோஃபியோ என்கிறார்கள், குழம்பில் கரைத்துச் சாப்பிடுகிறார்கள். ஸ்பானியர்கள் வருவதற்கு முன்பிருந்த பூர்வகுடிகள் பார்லியை வறுத்து அரைத்து உண்டதன் தொடர்ச்சி. ஆட்டுப்பால் பாலாடைக்கட்டி பிரமாதம். இவர்கள் திராட்சையில் வந்த வெள்ளை ஒயினையும் ஒரு வாய் குடித்தேன், வறண்டு, கொஞ்சம் உப்புக் கரித்தது. ஒரு புட்டியின் விலையைக் கேட்டதும் தாகம் அடங்கிவிட்டது. குழிக்குள் நின்று அந்த வேலையைப் பார்த்தபின் விலை அதிகம் என்று சொல்ல மனசு வரவில்லை, வாங்கவும் மனசு வரவில்லை!

சாயங்காலம் மருமகள் காரில் கூட்டிக்கொண்டு போய்ச் சுற்றிக்காட்டினார். திமான்ஃபாயா பூங்காவில் நம் இஷ்டத்துக்கு இறங்கி நடக்க விடுவதில்லை, பெரும்பாலும் பேருந்தில்தான் சுற்ற வேண்டும். குழியில் போட்ட சருகு பற்றி எரிவதும், தரையில் ஊற்றிய தண்ணீர் சீறிக்கொண்டு நீராவியாக எழும்புவதும் வித்தை மாதிரி காட்டுகிறார்கள். பூமிச் சூட்டிலேயே கோழி சுடும் உணவகம் இருக்கிறது. எனக்கு அதைவிடக் குவாதிசா ஊர் பிடித்திருந்தது. சப்பாத்திக்கள்ளி வயல்கள். மடலில் வெள்ளைப் பஞ்சு ஒட்டியது போல இருப்பது கொச்சினீல் பூச்சி. ஒன்றைக் கிள்ளி நசுக்கினார், கட்டைவிரல் முழுக்க ரத்தச் சிவப்பு. 19-ஆம் நூற்றாண்டில் இந்தச் சாயத்தால் தீவு கொழித்தது. செயற்கைச் சாயம் வந்ததும் படுத்துவிட்டது. வயல்கள் பாதிக்கு மேல் தரிசாகத்தான் கிடக்கின்றன.

காரில் வரும்போது அவரிடம் நேராகவே கேட்டேன், மாமியாருக்குப் பிறகு குழிகளை யார் பார்ப்பார்கள் என்று. நேரடியாகப் பதில் சொல்லவில்லை. ஓட்டலில் மாசச் சம்பளம் வருகிறது, பண்ணையில் அறுவடை முடிந்தால்தான் காசு, மழை பொய்த்தால் அதுவும் இல்லை என்றார். பிறகு அவரே, "ஆனால் சுற்றுலா இல்லை என்றால் எங்கள் ஒயினை இந்த விலைக்கு யார் வாங்குவார்கள்?" என்றார். இங்கே சிக்கல் அதுதான். ஒயினுக்கு விலை கொடுத்துக் குழிகளைக் காப்பாற்றுவதும் சுற்றுலா, குழியில் இறங்க வேண்டிய கைகளை ஓட்டலுக்கு இழுத்துக்கொண்டு போவதும் சுற்றுலா. சாலையோரத்தில் வண்டியை நிறுத்திப் படம் எடுக்கும் கூட்டத்தைப் பார்த்தால், இந்தக் குழிகள் தானாக அப்படியே இருக்கின்றன என்று நினைப்பது போலத்தான் இருக்கிறது. சுவர் சரிந்து, குருணை மூடி, கொடி செத்துப்போன குழிகள் சாலையிலிருந்து பார்த்தாலே தெரிகின்றன. ஒரு தலைமுறை இறங்கவில்லை என்றால் அவ்வளவுதான். பாதுகாக்கப்பட்ட நிலப்பரப்பு என்று பலகை வைக்கலாம், பலகை குருணையை வாராது.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். ஷெங்கன் விசாதான், மாட்ரிட்டிலிருந்தோ பார்சிலோனாவிலிருந்தோ அரெசிஃபே விமான நிலையத்துக்கு நேரடி விமானம் உண்டு. பண்ணைகள் சிதறிக் கிடக்கின்றன, பேருந்தை நம்ப வேண்டாம், கார் வாடகைக்கு எடுத்துவிடுங்கள். அறுவடை ஜூலைக் கடைசியில் தொடங்கி ஆகஸ்டில் நடக்கும், ஐரோப்பாவிலேயே சீக்கிரம் முடிகிற அறுவடைகளில் ஒன்று. அந்தச் சமயம் போனால் பறிக்க ஆள் தேவைப்படும், முன்கூட்டியே கேட்டு வையுங்கள். சைவம் சாப்பிடுபவர்கள் பயறுக் குழம்பில் பன்றி இறைச்சித் துண்டு போட்டிருக்கிறார்களா என்று விசாரித்துக்கொள்ளுங்கள், பல இடங்களில் போடுவார்கள். சனிக்கிழமை ஹாரியா ஊர்ச் சந்தையில் பண்ணைக்காரர்களே கொண்டுவந்து விற்கிறார்கள், பேரங்காடியில் கிடைக்கும் தக்காளி பெரும்பாலும் கப்பலில் வந்தது. கணுக்காலை மூடும் காலணி அவசியம், குருணை செருப்புக்குள் போனால் நடக்க முடியாது. முக்கியமாக, யாரும் அழைக்காமல் குழிக்குள் இறங்காதீர்கள். நீங்கள் ஓரத்தைச் சரித்துவிட்டு வந்தால் அதை மறுபடி மேலே வாரிப் போட வேண்டியது அறுபது வயசைத் தாண்டிய ஒருவர்.